மருந்து ரூமுக்குப் போன கேள்வி

கொற்கை
11.6.2003

அன்புள்ள அண்ணனுக்கு,

தம்பி முனியராஜ் எழுதுவது. பஸ்ஸில் உட்கார்ந்தே இடுப்பு ஒடிந்துவிட்டது, மற்றபடி சுகத்துக்குக் குறைவில்லை. நீங்களும் மதினியும் எப்படி இருக்கிறீர்கள்?

“மூணு மாசம் பஸ்ஸுல ஊர் சுத்துறதுக்குப் பேரு படிப்பாலே?” என்று கிளம்பும்போது கேட்டீர்கள். இப்போது சொல்கிறேன், கேளுங்கள். இது ஒரு பயிலரங்கம், ஆனால் ஓரிடத்தில் உட்காராத பயிலரங்கம். இருபத்திரண்டு பேர், ஒரு பழைய பஸ். யவனர்கள் என்று நம் ஆட்கள் கூப்பிட்ட கிரேக்கர்களும் ரோமானியர்களும் அந்தக் காலத்தில் வியாபாரத்துக்கு வந்துபோன கடற்கரை ஊர்களாகப் பார்த்துப் போகிறோம். ஒவ்வொரு ஊரிலும் தங்கி, கிரேக்கர்கள் என்ன யோசித்தார்கள் என்று பேசுகிறோம். பாடம் எடுப்பதெல்லாம் கிடையாது. நாஜியா மேடம் கேள்வி கேட்பார், நாம் சொல்கிற பதிலிலிருந்தே அடுத்த கேள்வி பிறக்கும். விருதுநகரில் பருப்பு மொத்த வியாபாரம் செய்கிற வீட்டுப் பெண். மூட்டையில் குத்தூசி விட்டுப் பார்ப்பதுபோல நம் பதிலைக் குத்தி உள்ளே இருப்பதை வெளியே எடுத்துவிடுவார்.

சாக்ரடீஸ் என்று ஒரு கிழவர். உங்களைப் போலவே செருப்புப் போடாதவர். ஊரில் பெரிய மனிதர்களை மடக்கி நிறுத்தி, “உனக்குத் தெரியும் என்கிறாயே, அது என்ன, சொல்” என்று கேட்டே ஊரை ஆட்டிவைத்தவர். அந்த ஊரே கூடி அவருக்கு விஷம் கொடுத்தது. எங்களுக்கும் அதே வேலைதான். ஆளுக்கொரு கேள்வியைச் சீட்டுப் போட்டு எடுத்தோம். ஏதாவது ஒரு தொழில் செய்கிறவரிடம் அதைக் கடிதத்திலேயே விடாமல் கேட்க வேண்டும், போனில் கேட்கக்கூடாது; நம் வீட்டில்தான் போனே இல்லையே. எனக்கு வந்தது: தைரியம் என்றால் என்ன?

பதினெட்டு வருஷமாகப் பட்டாசுக் கம்பெனியில் மருந்து கலக்குகிற அண்ணனை வைத்துக்கொண்டு நான் யாரிடம் போய்க் கேட்பேன்? பயிலரங்கத்தின் மதுரை அலுவலகத்துக்கு எழுதினால் நாங்கள் இருக்கும் ஊருக்கு அனுப்பிவிடுவார்கள்.

மதினியைக் கேட்டதாகச் சொல்லவும்.
உங்கள் தம்பி,
முனியராஜ்


எம். புதுப்பட்டி
22.6.2003

தம்பி முனியராஜுக்கு அண்ணன் பாலகுரு எழுதிக்கொண்டது.

இங்கே மழை இல்லை, வேலை இருக்கிறது, நாங்கள் நன்றாக இருக்கிறோம். கண்ட கண்ட ஊர்த் தண்ணீரைக் குடிக்கிறாயே, வயிறு சரியாக இருக்கிறதா என்று மதினி கேட்கச் சொன்னாள்.

உன் கடிதத்தை என்னோடு மருந்து கலக்குகிற இருளாண்டியிடம் காட்டினேன். “ஏண்ணே, இதக் கேக்கவா பஸ்ஸு வச்சுக் கூட்டிட்டுப் போயிருக்காக?” என்று சிரித்தான்.

தைரியம் என்றால் என்ன என்று எனக்குத் தெரியாது. செய்வதைச் சொல்கிறேன். வெயில் ஏறும் முன்னால் மருந்து ரூமுக்குள் போவோம். நான், இருளாண்டி, எடுத்துக் கொடுக்க இரண்டு பேர். சட்டையை வாசலிலேயே கழற்றி மாட்டிவிட்டு, வெறுங்காலோடு, உடம்பில் ஏறியிருக்கும் மின்சாரம் இறங்கக் கதவோரம் இருக்கும் தகட்டை ஒவ்வொருவரும் தொட்டுவிட்டு நுழைய வேண்டும். முதலில் நான் தொடுவேன். உள்ளே பேச்சு கிடையாது. வெளியே வந்தாலும் காம்பவுண்டுக்குள் கெட்ட வார்த்தை, பயமுறுத்துகிற வார்த்தை எதுவும் யார் வாயிலும் வரக்கூடாது. அது எங்கள் வழக்கம். பொடிகளைச் சல்லடையில் போட்டுக் கையால் கலந்து தட்டில் இறக்குவோம். பயந்தவனால் அதைச் செய்ய முடியாது. பயமே இல்லாதவனை நான் உள்ளே விடமாட்டேன். இது பதிலா இல்லையா என்று நீயே பார்த்துக்கொள்.

இன்னொரு விஷயம். சீசன் சூடு பிடிக்கும் முன்னால் மருந்து ரூமை விட்டுவிட்டு லேபிள் ஒட்டும் இடத்துக்குப் போய்விடலாமா என்று யோசனை. நாற்பத்து நாலு வயதாகிறது. இருளாண்டியும் கலக்கப் பழகிவிட்டான். போர்மேனிடம் இன்னும் வாய் திறக்கவில்லை. நீ படித்தவன், உன்னைக் கேட்டுக்கொண்டு செய்யலாம் என்று இருக்கிறேன்.

பேனா சரியில்லை. எழுத்து கோணலாக இருந்தால் பொறுத்துக்கொள்.

அண்ணன்,
பாலகுரு


அழகன்குளம்
4.7.2003

அன்புள்ள அண்ணனுக்கு,

வயிறு கல்லையும் செரிக்கிறது என்று மதினியிடம் சொல்லுங்கள். உங்கள் இருவர் உடம்பையும் பார்த்துக்கொள்ளுங்கள்.

நேற்று உங்கள் கடிதத்தை எல்லோர் முன்னாலும் வாசித்தேன். “பயமே இல்லாதவனை நான் உள்ளே விடமாட்டேன்” என்ற இடத்தில் பஸ்ஸே கைதட்டியது. மேடம் அதை இரண்டாம் தடவை வாசிக்கச் சொன்னார். கடைசியில் போடப்போகிற சிறு புத்தகத்தில் உங்கள் பெயரோடு வரும்.

அதற்கு முன்னால்தான் ஒரு கதை சொல்லியிருந்தார். சாக்ரடீஸ் இதே கேள்வியை ஒரு படைத்தலைவனிடம் கேட்டாராம். தனக்குக் கொடுத்த இடத்தை விட்டு நகராமல் நிற்கிறவனே தைரியசாலி என்று அவன் சொன்னானாம். எனக்குப் புல்லரித்துவிட்டது. எழுந்து நின்று, “அது எங்க அண்ணன்தான்” என்றேன்.

அதனால் கேட்கிறேன், லேபிள் ஒட்டப் போகிறேன் என்று எழுதியிருக்கிறீர்களே, என்ன அண்ணே இது? அது பெண்கள் உட்காருகிற இடம். பாலகுரு கலந்த மருந்து என்றால் சத்தமே தனி என்று சாத்தூர் வரைக்கும் பேச்சு. நாற்பத்து நாலு ஒரு வயதா? நின்ற இடத்தில் நில்லுங்கள். இங்கே இருபது பேர் உங்களைப் பற்றித்தான் பேசிக்கொண்டிருக்கிறார்கள்.

அடுத்த கேள்வி: கோழை என்று யாரைச் சொல்வீர்கள்? சீக்கிரம் எழுதுங்கள். எனக்கு இருப்புக்கொள்ளவில்லை.

தங்கள் அன்புத் தம்பி,
முனியராஜ்


எம். புதுப்பட்டி
15.7.2003

தம்பிக்கு,

இது மதினி கையெழுத்து. எனக்கு நேரமில்லாததால் நான் சொல்லச் சொல்ல அவள் எழுதுகிறாள். கடவுள் புண்ணியத்தில் இருவரும் நடமாடிக்கொண்டிருக்கிறோம். நீ சுகம்தானே?

உன் கடிதம் கிடைத்தது. போர்மேனைப் பார்க்கப் போனவன் பாதி வழியில் திரும்பிவிட்டேன். லேபிள் பேச்சை விட்டாயிற்று. தீபாவளிக்கு ஆர்டர் குவிகிறது. போன மாதத்தைப் போல இரண்டு மடங்கு கலக்குகிறோம்.

கோழை யார் என்று கேட்டிருந்தாய். மற்ற மூன்று பேரையும் உள்ளே விட்டுவிட்டுத் தான் மட்டும் கதவைத் திறந்துகொண்டு ஓடுகிறவன். எங்கள் ரூமில் அப்படி யாரும் இல்லை.

கீழே மதினிக்குக் கொஞ்சம் இடம் விட்டிருக்கிறேன். என்ன எழுதப்போகிறாய் என்று கேட்டேன். ஒன்றும் இல்லை என்கிறாள்.

பாலகுரு


பூம்புகார்
24.7.2003

அன்புள்ள அண்ணனுக்கு,

நீங்களும் மதினியும் நலமாக இருப்பீர்கள் என்று நினைத்துக்கொள்கிறேன். எனக்கு இரண்டு நாளாகச் சோறு இறங்கவில்லை, அலைச்சல்தான்.

கோழையைப் பற்றி நீங்கள் எழுதியதையும் வாசித்தேன். கைதட்டல் வந்தது. ஆனால் மேடம் தட்டவில்லை. “ஒங்க அண்ணன் ஏன் அந்த ரூமை விட்டுப் போக நெனச்சாரு?” என்று கேட்டார். வயதாகிவிட்டது என்று சொன்னேன். “நாப்பத்து நாலுலயா? நீங்க அவர்கிட்ட அதக் கேட்டீங்களா?” என்றார். எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. என் அண்ணனை எனக்குத் தெரியாதா? கடலோரம் போய் வெகுநேரம் நடந்தேன். கோபம் போன பிறகும் அந்தக் கேள்வி போகவில்லை.

அதனால் கேட்கிறேன். ஏன் போக நினைத்தீர்கள்? விட்டிருந்த இடத்தில் மதினி ஏன் ஒரு வரியும் எழுதவில்லை?

உடனே பதில் போடவும்.
முனியராஜ்


புதுச்சேரி
5.8.2003

அண்ணனுக்கு,

பதில் இல்லை. தினமும் தபால் வரும் நேரத்துக்கு வாசலில் நிற்கிறேன். எல்லோருக்கும் வருகிறது. சுகம் என்று ஒரு கார்டாவது போடுங்கள்.

முனியராஜ்


எம். புதுப்பட்டி
6.8.2003

தம்பி முனியராஜுக்கு மதினி வெள்ளைத்தாய் எழுதுவது.

நீங்கள் நன்றாக இருக்க வேண்டும். நாங்கள் நன்றாக இல்லை. இந்தக் கடிதம் எழுதுவது அவருக்குத் தெரியாது.

உங்கள் அண்ணனுக்குச் சித்திரையிலிருந்து வலது கை நடுங்குகிறது. முதலில் டீ கிளாஸில் தெரிந்தது. இப்போது சட்டைப் பொத்தானை நான்தான் போட்டுவிடுகிறேன். சிவகாசியில் டாக்டரிடம் காட்டினோம். நரம்பு என்றார், மாத்திரையில் கொஞ்சம் மட்டுப்படும், அறவே போகாது என்றார். மருந்து வேலை கூடவே கூடாது என்றார். அதற்குப் பிறகுதான் லேபிளுக்குப் போகிறேன் என்று மனசைத் தேற்றிக்கொண்டார். காரணத்தை உங்களுக்கு எழுத வெட்கம், பேனா சரியில்லை என்று எழுதினார்.

அப்புறம் உங்கள் கடிதம் வந்தது. அதை என்னை மூன்று தரம் வாசிக்கச் சொல்லிக் கேட்டார். “நின்ன எடத்துல நிக்கணும்னு கிரேக்கத்தானும் சொல்லிட்டான், நம்ம தம்பியும் சொல்லிட்டான்” என்றார். வாசலில் கழற்றி மாட்டுகிற சட்டைப் பையில் அந்தக் கடிதத்தை வைத்துக்கொண்டு தினமும் போகிறார். பூம்புகாரிலிருந்து நீங்கள் எழுதியதற்குப் பதில் போடலாம் என்றேன். “என்னத்த எழுத?” என்று கேட்டுவிட்டு எழுந்து போய்விட்டார்.

காலையில் அவர் போனதும் கம்பெனி இருக்கும் தெற்கே காதை வைத்துக்கொண்டுதான் சோறு வடிக்கிறேன். எங்கேயாவது லாரி டயர் வெடித்தால் அடுப்படியிலேயே உட்கார்ந்துவிடுகிறேன்.

பெண்கள் உட்காருகிற இடம் என்று எழுதினீர்களே தம்பி, நான் பதினோரு வருஷம் லேபிள் ஒட்டினேன். உங்களைப் படிக்கவைத்ததில் என் கையும் உண்டு. அங்கே வந்து உட்கார்ந்தால் ஒரு ஆண்பிள்ளை குறைந்துபோவானா? கோபமாக எழுதுகிறேன் என்று நினைப்பீர்கள். ஆமாம், கோபம்தான்.

கம்பெனிக்குப் போன் செய்துவிடாதீர்கள். மற்றவர்கள் சொல்லிப் போர்மேன் காதுக்குப் போனால் காம்பவுண்டுக்குள்ளேயே விடமாட்டார்கள், அந்த அவமானத்தை இவர் தாங்கமாட்டார். அவராகச் சொல்லிவிட்டு வர வேண்டும். நான் சொல்லிப் பார்த்துவிட்டேன். நீங்கள் சொல்லித்தான் நின்றார். நீங்கள் சொன்னால் இறங்குவார்.

வெள்ளைத்தாய்


தந்தி
புதுச்சேரி, 17.8.2003

பாலகுரு, எம். புதுப்பட்டி. நாளை வேலைக்குப் போக வேண்டாம். கடிதம் வருகிறது. முனியராஜ்.


புதுச்சேரி
17.8.2003

அன்புள்ள அண்ணனுக்கு,

நான் சுகமாக இல்லை. மஞ்சள் காமாலை என்று பத்து நாளாக ஆஸ்பத்திரியில் கிடக்கிறேன். உங்களுக்குச் சொல்ல வேண்டாம் என்று நான்தான் எல்லோரையும் தடுத்தேன். மதினியின் கடிதம் மதுரை போய், பூம்புகார் போய், பஸ் போன வழியெல்லாம் சுற்றி இன்று காலையில்தான் என் கைக்கு வந்தது. எழுந்து நின்றால் தலை சுற்றுகிறது, இல்லாவிட்டால் இந்நேரம் பஸ் ஏறியிருப்பேன். மதினியைத் திட்டாதீர்கள். திட்டுவதாக இருந்தால் என்னைத் திட்டுங்கள், முழுவதையும் படித்த பிறகு.

படைத்தலைவன் கதையில் நான் உங்களுக்குப் பாதியைத்தான் எழுதினேன். நகராமல் நிற்பதுதான் தைரியம் என்று அவன் சொன்னதும் சாக்ரடீஸ் அதை ஒத்துக்கொள்ளவில்லை. பின்வாங்கிக்கொண்டே சண்டை போடுகிற குதிரைப்படைக்காரர்கள் இருக்கிறார்களே, அவர்கள் கோழைகளா என்று கேட்டார். நீச்சல் தெரியாமல் கிணற்றில் குதிக்கிறவன் தெரிந்து குதிக்கிறவனைவிடத் தைரியசாலியா என்று கேட்டார். படைத்தலைவன் தன் பதிலைத் திரும்ப எடுத்துக்கொண்டான். சாக்ரடீஸே ஒரு தோற்ற போரிலிருந்து திரும்பி நடந்தவர்தான். படை சிதறி ஓடியபோது அவர் ஓடாமல், இரண்டு பக்கமும் பார்த்துக்கொண்டு நிதானமாக நடந்து வந்தார். அவரோடு நடந்தவர்கள் உயிரோடு வீடு சேர்ந்தார்கள். அவர் பின்வாங்கிய விதத்தைத்தான் ஊர் மெச்சியது.

இதெல்லாம் எனக்கு எப்போது தெரியும் என்று கேட்பீர்கள். உங்களுக்கு எழுதிய அன்றைக்கே தெரியும் அண்ணே. அழகன்குளத்தில் நாள் முழுக்க இதைத்தான் பேசினோம். பாதியில் நிறுத்தி எழுதினேன். நீங்கள் அசையாமல் நிற்கிற ஆளாக இருந்தால்தான் எனக்குக் கைதட்டல். லேபிள் ஒட்டுகிற அண்ணனைப் பற்றி நான் எழுந்து நின்று என்ன சொல்வேன்? அப்படி நினைத்தேன். எழுதவே கை கூசுகிறது, ஆனால் அதுதான் உண்மை. உங்களை அந்த ரூமில் நிறுத்திவைத்தது சாக்ரடீஸ் இல்லை, நான்.

மேடத்திடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். புத்தகத்திலிருந்து நம் பக்கத்தை எடுத்துவிடச் சொன்னேன். அவர் இந்தக் கடிதத்தைக் கூரியரில் போட்டுவிடுகிறேன் என்று கையை நீட்டினார்.

அண்ணே, போகாதீர்கள். போர்மேனிடம் நீங்களே சொல்லிவிட்டு நடந்து வெளியே வாருங்கள். எனக்காக நின்றீர்கள், எனக்காக இறங்கிவிடுங்கள்.

முனியராஜ்


எம். புதுப்பட்டி
29.8.2003

அன்புத் தம்பிக்கு,

அண்ணன் சொல்ல, மதினி எழுதுகிறாள். இனி அவளுக்குத் தெரியாமல் நானும் எனக்குத் தெரியாமல் அவளும் எதையும் எழுதுவதில்லை என்று பேசியிருக்கிறோம். காமாலையை மறைத்ததற்கு உன்னை நேரில் கவனித்துக்கொள்கிறேன். கீழாநெல்லி அரைத்துக் குடி, எண்ணெய்ப் பலகாரம் தொடாதே.

தந்தி வந்ததும் உனக்குத்தான் ஏதோ ஆகிவிட்டது என்று இவள் தலையில் அடித்துக்கொண்டு அழுதாள். வாசித்துச் சொன்ன பிறகும் வெகுநேரம் அழுகை நிற்கவில்லை. மறுநாள் காலையில் நான் வேலைக்குப் போனேன். உன் கடிதம் அப்போது வரவில்லை.

வாசலில் சட்டையைக் கழற்றி மாட்டினேன். மூன்று பேரும் நான் தகட்டைத் தொடட்டும் என்று நின்றார்கள். எனக்கு உன் தந்தியே ஓடிக்கொண்டிருந்தது. எங்கேயோ புதுச்சேரியில் கிடக்கிறவனுக்குத் தெரிந்துவிட்டது, பக்கத்தில் நிற்கிற இவர்களுக்கு எத்தனை நாள் மறைப்பேன் என்று தோன்றியது. கையைத் தகட்டில் வைக்காமல் அவர்களுக்கு முன்னால் நீட்டினேன். “ஏலே, இதப் பாருங்க. கை நிக்க மாட்டேங்கு. இனி நான் உள்ள வரல” என்றேன். அந்த இடத்தில் பதினெட்டு வருஷத்தில் நான் பேசிய கெட்ட வார்த்தை அது ஒன்றுதான்.

யாரும் திடுக்கிடவில்லை. இருளாண்டி தரையைப் பார்த்துக்கொண்டு, “தெரியும்ணே. ஆனி பொறந்ததுலருந்தே தெரியும்” என்றான்.

தட்டில் இறக்கும் நேரத்தில் அவன் சல்லடைக்கு அடியில் தன் கையையும் கொடுத்துத் தாங்கியிருக்கிறான். உதவி என்று நினைத்திருந்தேன். மற்ற இருவரும் ஜன்னலை மறைத்துக்கொண்டு நின்றது மருந்தில் வெயில் படாமல் இருக்க என்று நினைத்திருந்தேன். போர்மேன் கண்ணில் என் கை படக்கூடாது என்பதற்காக நின்றிருக்கிறார்கள்.

“ஏம்லே சொல்லல?” என்று கத்திவிட்டேன்.

“ஒங்ககிட்ட எப்படிண்ணே சொல்ல? எங்க கையப் புடிச்சுக் கலக்கப் பழக்குனதே நீங்கதான. அதுவும் இங்கன வச்சு அந்த வார்த்தைய எப்படிச் சொல்றது?” என்றான் இருளாண்டி.

வாசலிலேயே உட்கார்ந்துவிட்டேன். பிறகு எழுந்து போர்மேனிடம் போய் நானே சொன்னேன். சீசனில் லேபிளில் இடம் இல்லை, தீபாவளி கழியட்டும் பார்க்கலாம் என்றார். இப்போது வீட்டில்தான் இருக்கிறேன். இருளாண்டி கலக்குகிறான். அவன் கை நல்ல கை.

உன் கடிதம் அதற்கு அடுத்த நாள் வந்தது. கைதட்டலுக்காக எழுதினேன் என்று ஒத்துக்கொண்டாயே, சரி. நானும் அந்தக் கைதட்டலைப் படித்துவிட்டுத்தான் போர்மேன் ரூம் வரை போகாமல் திரும்பினேன். நீ மட்டும் நிறுத்தவில்லை, நானும் நின்றேன். அதனால் அழுது வடியாமல் உடம்பைத் தேற்று. உன்மேல் எனக்கு வருத்தம் இருந்தது, இப்போது இல்லை.

ஆனால் ஒன்று மட்டும் மனசை அரிக்கிறது. அதைக் கேட்கத்தான் இவ்வளவும் எழுதச் சொன்னேன்.

நேற்றுச் சாயங்காலம் இருளாண்டி வீட்டுக்குப் போயிருந்தேன், மன்னிப்புக் கேட்கலாம் என்று. அவன் இன்னும் வேலையிலிருந்து வரவில்லை. அவன் பெண்டாட்டி சொர்ணலட்சுமி, “வாங்கண்ணே, சாப்பிட்டீகளா?” என்று உட்காரவைத்தாள். அவர்களுக்கு ஆறு மாதத்தில் ஒரு பெண் குழந்தை இருக்கிறது. வழக்கம்போலக் கொடு என்று கை நீட்டினேன். அவள் உள்ளே போய் ஒரு தலையணையைக் கொண்டுவந்து முதலில் என் மடியில் வைத்தாள். அதற்கு மேல்தான் பிள்ளையைக் கிடத்தினாள்.

அவளுக்கும் தெரிந்திருக்கிறது. பிள்ளையை என் கையில் கொடுக்கப் பயந்தவள், ஆனியிலிருந்து தினம் காலையில் தூக்குச்சட்டியில் சோறு கட்டிப் புருஷனை என்னோடு அனுப்பியிருக்கிறாள். அதற்கு உன் கிரேக்கத்தார் என்ன பேர் வைத்திருக்கிறார்கள், கேட்டு எழுது.

பாலகுரு